உங்களுக்குத் தெரியுமா? – கைதிகளுக்குப் பெயர் வைத்த கதை

● காசு கொடுத்து ஜெயிலுக்குள் போனவர்கள் உண்டு! பிரிட்டனின் இன்ட்ரோவெர்ஷன் நிறுவனம் 2012 செப்டம்பரில் ‘பிரிசன் ஆர்க்கிடெக்ட்’ என்ற சிறை நிர்வாக வீடியோ கேமை, வேலை பாதியில் இருக்கும்போதே விற்க ஆரம்பித்தது. ஆரம்ப விலை 30 டாலர். அதற்கு மேல் கொஞ்சம் கொடுத்தவர்களின் பெயர் கைதிகள் பட்டியலில் சேர்ந்தது. ‘இவர் யார், என்ன செய்துவிட்டு உள்ளே வந்தார்’ என்ற வாழ்க்கைக் குறிப்பையும் அவர்களே எழுதிக் கொடுக்க முடிந்தது. இதில் வேடிக்கை, அந்தக் கைதி பெயர் கொடுத்தவரின் கம்ப்யூட்டரோடு நின்றுவிட மாட்டார் என்பதுதான். உலகத்தில் வேறு யாரோ ஒருவர் கட்டிய சிறைக்கும் ஏதோ ஒரு நாள் பஸ்ஸில் வந்து இறங்குவார். அங்கே அவருக்கு வேளாவேளைக்குச் சோறு கிடைத்ததா, இல்லை சோற்றுக்கு வரிசையில் நிற்கும்போதே கத்திக்குத்து வாங்கினாரா என்பது பெயர் கொடுத்தவருக்குத் தெரியவே தெரியாது.

● இந்த விளையாட்டுக்கான யோசனை, இதை வடிவமைத்த கிறிஸ் டிலேவுக்கு அல்கட்ராஸ் தீவுச் சிறையைச் சுற்றிப் பார்த்தபோது வந்தது. சான் பிரான்சிஸ்கோ விரிகுடாவுக்குள் இருக்கும் அந்தச் சிறை 1963-லேயே மூடப்பட்டுவிட்டது. சுற்றுலாப் பயணிகளுக்கு இன்னும் மூடவில்லை.

● விளையாட்டு முழு வடிவில் வெளிவந்தது 2015 அக்டோபரில். அடுத்த ஆண்டே ‘பாஃப்டா’ விருது. 2019-ல் இதன் உரிமையை சுவீடனின் பாரடாக்ஸ் நிறுவனம் வாங்கிக்கொண்டது.

● மேலிருந்து பார்த்தால் இதில் வரும் கைதி, கையும் காலும் இல்லாத ஒரு குட்டி பொம்மை. ஆனால் அவர்மேல் ஒரு கிளிக் தட்டினால் முழு ஜாதகமும் விரியும். பெயர், வயது, செய்த குற்றங்கள், தண்டனைக் காலம், வெளியே காத்திருக்கும் மனைவி மக்கள். பசி, தூக்கம், குளியல், பாதுகாப்பு, குடும்பத்தைப் பார்க்கும் ஏக்கம் என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனிக் கோடு. குடும்பக் கோடு சிவந்துகொண்டே போனால், ‘பார்வையாளர் அறை கட்டு’ என்று அர்த்தம். 300 பேர் இருக்கும் சிறையில் யாரும் ஒவ்வொருவராகத் தட்டிப் பார்த்துக்கொண்டிருக்க மாட்டார்கள். தெரிந்த பெயர் ஒன்று கண்ணில் பட்டால் மட்டும் கை தானாக அங்கே போகும். பெயர் வைப்பதால் விளையாட்டின் விதிகளில் ஒரு புள்ளிகூட மாறுவதில்லை. ஆடுகிறவர் எங்கே பார்க்கிறார் என்பது மாறிவிடுகிறது. அடுத்த அறைக்காரன் பட்டினி கிடப்பதை விட்டுவிட்டு, நம் ஆளுக்கு மட்டும் ஜன்னல் வைத்த அறை ஒதுக்கும் புத்தி உடனே வந்துவிடும்.

● கேன்டீன் ஸ்பூன் எதற்கெல்லாம் உதவும் தெரியுமா? சுரங்கம் தோண்ட! சாப்பிட்ட கையோடு ஸ்பூனைச் சுருட்டிக்கொண்டு போகும் கைதி, ராத்திரியில் தன் அறைக் கழிப்பறைக்கு அடியிலிருந்து தோண்ட ஆரம்பிப்பார். மோப்ப நாய் ரோந்து விட்டால் கண்டுபிடிக்கலாம். நண்பன் பெயரை வைத்த கைதி இப்படித் தப்பித்துப் போனால், கோபம் வர வேண்டிய இடத்தில் சிரிப்புத்தான் வரும். இத்தனைக்கும் நீங்கள்தான் அங்கே சிறை அதிகாரி.

● கைதிக்கு நாமே பெயர் வைக்க, இந்த விளையாட்டின் சேவ் ஃபைலைத் திறக்க வேண்டும். அதற்குப் பெரிய கம்ப்யூட்டர் ஞானம் எதுவும் வேண்டாம். சாதாரண நோட்பேட் போதும். விண்டோஸில் ‘ஆப்டேட்டா’ ஃபோல்டருக்குள் இன்ட்ரோவெர்ஷன் பெயரில் ஒரு ஃபோல்டர், அதற்குள் ‘சேவ்ஸ்’. ஒவ்வொரு சிறையும் ‘.பிரிசன்’ என்று முடியும் ஒரு ஃபைல். உள்ளே சுவர், கதவு, பல்பு, கைதி எல்லாம் வரி வரியாக எழுதியிருக்கும். நீங்கள் மாற்ற நினைக்கும் கைதியின் பழைய குடும்பப் பெயரைத் தேடு பெட்டியில் அடித்தால், அவருடைய வாழ்க்கைக் குறிப்பு இருக்கும் பகுதிக்கு நேரே போய் நிற்கும். அங்கே முதல் பெயர் ஒரு இடத்திலும் குடும்பப் பெயர் இன்னொரு இடத்திலும் இருக்கும். பழையதை அழித்துப் புதியதை அடித்துச் சேமித்தால் தீர்ந்தது. கை வைப்பதற்கு முன்னால் ஃபைலை ஒரு நகல் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். தவறான வரியை அழித்துவிட்டால் முழுச் சிறையும் திறக்காமல் போகலாம்.

● அந்த ‘குடும்பப் பெயர்’ இடத்தில் தமிழர்கள் என்ன போடுவது? பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் வரும் அதே தலைவலிதான். அப்பா பெயரைப் போடலாம். ஆனால் மகன் பேரில் பதிவாகும் கொள்ளை, கொலை எல்லாவற்றுக்கும் பக்கத்தில் அப்பா பெயரும் சேர்ந்து நிற்கும். ஊர்ப் பெயரைப் போட்டுவிடுவது உத்தமம்.

● ஃபைலையெல்லாம் நோண்டப் பயமாக இருக்கிறது என்பவர்களுக்கு ‘தி எஸ்கேப்பிஸ்ட்ஸ்’ இருக்கிறது. 2015-ல் வெளிவந்த இதில் நீங்கள் அதிகாரி இல்லை, தப்பிக்கப் பார்க்கும் கைதி. ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே சக கைதிகள், காவலர்கள் என்று எல்லோருடைய பெயரையும் மாற்றிக்கொள்ள வசதி செய்து கொடுத்திருக்கிறார்கள். என்னைக் கேட்டால் நண்பர்களைக் கைதியாகவும், ஆபீஸில் வருகைப் பதிவேட்டை வைத்துக்கொண்டு மிரட்டுகிறவரைக் காவலராகவும் போடுவதுதான் நியாயமான விநியோகம். இதை உருவாக்கிய கிறிஸ் டேவிஸ், கேம் துறைக்கு வருவதற்கு முன்பு வீடுகளுக்குக் கூரை போடும் தொழிலாளி.

● பெயரை இஷ்டத்துக்கு வைக்கலாம், சின்னத்தை இஷ்டத்துக்குப் போட முடியாது! பிரிசன் ஆர்க்கிடெக்டில் வரும் ஆம்புலன்ஸின் மேல் துளியூண்டு செஞ்சிலுவை இருந்தது. ‘இது ஜெனீவா உடன்படிக்கைகளால் பாதுகாக்கப்பட்ட சின்னம், கண்ட இடத்தில் பயன்படுத்தக் கூடாது’ என்று பிரிட்டிஷ் செஞ்சிலுவைச் சங்கத்திடமிருந்து கடிதம் வந்தது. பிரிட்டனில் இதற்கு 1957-லிருந்தே சட்டம் இருக்கிறது. நிறுவனம் சிவப்பை எடுத்துவிட்டுப் பச்சை அடித்தது. விளையாட்டில் மின்சார நாற்காலியே இருக்கிறது, அதைப் பற்றி அந்தக் கடிதம் கவலைப்படவில்லை.

● விளையாட்டுக் கைதிக்குப் பெயர் வைக்கிறோம்; நிஜச் சிறையில் நடப்பது அதற்கு நேர் எதிர். உள்ளே நுழைந்ததும் பெயர் பின்னால் போய் எண் முன்னால் வந்துவிடும். 1964-ல் ராபன் தீவுச் சிறைக்குக் கொண்டுவரப்பட்ட 466-வது கைதி நெல்சன் மண்டேலா. ஆண்டையும் சேர்த்து அவருக்குக் கொடுக்கப்பட்ட எண் 466/64. அவமானப்படுத்துவதற்காக ஒட்டப்பட்ட அதே எண்ணைப் பின்னாளில் எய்ட்ஸ் எதிர்ப்புப் பிரசாரத்துக்குப் பெயராக வைத்தார். அந்த எண்ணின் பெயரிலேயே 2003-ல் கேப் டவுனில் பெரிய இசை நிகழ்ச்சி நடந்தது.

● 1971-ல் அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில் உளவியல் பேராசிரியர் பிலிப் ஜிம்பார்டோ ஒரு போலிச் சிறை நடத்தினார். மாணவர்களில் சிலர் காவலர், சிலர் கைதி. கைதிகளின் அங்கியில் எண் தைக்கப்பட்டது. எண் சொல்லித்தான் கூப்பிட வேண்டும். 2 வாரம் நடத்தத் திட்டமிட்டதை 6 நாளில் நிறுத்த வேண்டியதாகிவிட்டது. அந்தச் சோதனை நடத்தப்பட்ட விதத்தைப் பற்றி இன்றுவரை கடுமையான விமர்சனங்கள் உண்டு. ஆனாலும் பெயரைப் பிடுங்குவது ஏன் முதல் வேலையாக இருந்தது என்பது யோசிக்க வேண்டிய விஷயம்.

● பெயரை மாற்றினால் ஆளே மாறிவிடும் விளையாட்டும் இருக்கிறது. 1999-ல் வந்த ‘ரோலர்கோஸ்டர் டைகூன்’ பொழுதுபோக்குப் பூங்காவில், ஏதாவது ஒரு பார்வையாளருக்கு ஆங்கிலத்தில் ‘கிறிஸ் சாயர்’ என்று பெயர் மாற்றுங்கள். அவர் போட்டோ எடுக்க ஆரம்பித்துவிடுவார். சாயர்தான் இந்த விளையாட்டை எழுதியவர். இதன் ஓவியர் ‘சைமன் ஃபாஸ்டர்’ பெயரை வைத்தால் நின்று படம் வரைவார். கார் பந்தய வீரர் ‘டேமன் ஹில்’ பெயரை வைத்துக் குட்டிக் கார் பந்தயத்தில் ஏற்றினால் மற்றவர்களை முந்திப் பறப்பார். ‘மிஸ்டர் பீன்’ என்று வைத்தாலோ, பின்னால் வருகிற அத்தனை பேரும் முந்திப் போக, அவர் மட்டும் ஆமை வேகத்தில் உருட்டிக்கொண்டு வருவார்.

● ‘தி ஆரிகன் டிரெயில்’ விளையாட்டின் 1985-ஆம் ஆண்டுப் பதிப்பில், மாட்டு வண்டியில் அமெரிக்காவின் மேற்கே போகும் 5 பேருக்கும் நாமே பெயர் வைக்கலாம். அமெரிக்கப் பள்ளிப் பிள்ளைகள் வகுப்புத் தோழர்களின் பெயர்களை வைத்து, வயிற்றுக்கடுப்பில் அவர்கள் ஒவ்வொருவராகச் சாவதைப் பார்த்துக் கைகொட்டிச் சிரித்தார்கள். வண்டித் தலைவரே செத்துப்போனால் கல்லறை வாசகமும் எழுதலாம். அது ஃபிளாப்பியிலேயே தங்கிவிடும். அடுத்து அதே ஃபிளாப்பியில் ஆடுகிறவர் வழியில் அந்தக் கல்லறையைக் கடந்துதான் போக வேண்டும். வாத்தியார் கண்ணில் படக்கூடாத வாசகங்கள் அங்கே எத்தனை இருந்திருக்கும் என்று சொல்லவா வேண்டும்?

● ‘ரிம்வேர்ல்டு’ விளையாட்டுக்காக 2013-ல் நிதி திரட்டியபோதும் பெயரை விற்றார்கள். பணம் கொடுத்தவரின் பெயரும் முன்கதையும் ஏதோ ஒரு வேற்றுக் கிரகக் குடியிருப்பில் முளைக்கும். கொள்ளையடிக்க வந்து மாட்டிக்கொண்டு கைதியாகவும் உட்கார்ந்திருக்கும். பேச்சுக் கொடுத்து மனதை மாற்றினால் அந்தக் கைதி நம் ஆளாகவே ஆகிவிடுவார்.

● 2016-ல் வந்த ‘எக்ஸ்காம் 2’ போர் விளையாட்டில் நண்பர்கள், சொந்தக்காரர்கள் பெயரில் ஒரு பட்டியல் தயாரித்து வைக்கலாம். அவர்கள் நம் படை வீரர்களாக வருவார்கள் என்று நம்பித்தான் எல்லோரும் தயாரிப்பார்கள். ஆனால் கடத்திக்கொண்டு வர வேண்டிய எதிரிப் பிரமுகருக்கும் அதே பட்டியலிலிருந்துதான் சில சமயம் ஆள் எடுக்கும். எந்த மச்சான் எந்தப் பக்கம் போவார் என்பது உங்கள் கையில் இல்லை.

● பிரிசன் ஆர்க்கிடெக்டில் ‘தப்பிக்கும் முறை’ என்று ஒன்று உண்டு. நீங்களே கட்டிய சிறையில் நீங்களே கைதியாக நுழைந்து வெளியேறப் பார்க்கலாம். செலவைக் குறைக்கிறேன் என்று காவலர்களைக் கணக்குப் பார்த்து வைத்த கஞ்சர்களுக்கு இது சுலபம். நாலடிக்கு ஒரு காவலர், வாசலுக்கு வாசல் உலோகம் கண்டறியும் கருவி என்று கட்டியவர்கள் மாட்டிக்கொண்டு முழிக்க வேண்டியதுதான்.