முட்டை ஊட்டி வளர்க்கும் வெள்ளைக்கால் எறும்பு

கடிப்பதில்லை, கொட்டுவதில்லை, கரையானைப் போல மரத்தை அரிப்பதும் இல்லை. ஆனாலும் அமெரிக்காவின் தெற்கு ஃப்ளோரிடாவில் வீட்டுக்காரர்களைப் பாடாய்ப் படுத்தும் எறும்புகளைக் கணக்கெடுத்தால் வெள்ளைக்கால் எறும்பு முன்வரிசையில் நிற்கும். நீளம் இரண்டரை முதல் மூன்று மில்லிமீட்டர். உடல் கறுப்பு, கால் நுனிகள் மட்டும் வெளிறிய மஞ்சள் கலந்த வெள்ளை. நம் ஊரில் இப்படி ஒன்று சமையல்மேடையில் ஊர்ந்தால், “பிள்ளையார் எறும்பு, கடிக்காது” என்று ஊதிவிட்டு வேலையைப் பார்ப்போம். ஃப்ளோரிடாவில் ஊதிவிட முடியவில்லை. சில வீடுகளின் சுவரிலும் குழாயோரத்திலும் கேபிள் கம்பிகள் மேலும் வரிசை வரிசையாகப் போய்க்கொண்டே இருக்கும், ஆயிரக்கணக்கில்.

இதை அங்கே முதன்முதலில் பிடித்தது 1986-இல், மயாமிக்குத் தெற்கே ஹோம்ஸ்டெட் என்ற ஊரில், ஒரு செடி நர்சரியில். பிடிபட்ட இடமே பரவலின் கதையைப் பாதி சொல்லிவிடுகிறது. தொட்டிமண், பனைமட்டையின் இடுக்கு, சருகுக் குவியல், உளுத்த கட்டை என்று ஈரமும் மறைவும் உள்ள எந்த இடத்திலும் இது குடியேறும். நர்சரியிலிருந்து செடி லாரி ஏறினால் எறும்பும் கூடவே ஏறும். அடுத்த இருபது ஆண்டுகளுக்குள் தெற்கு ஃப்ளோரிடா எங்கும் இது சாதாரணமாகிவிட்டது.

ஆளை அடையாளம் காண்பதிலும் நெடுநாள் குழப்பம் இருந்தது. 1861-இல் இந்தோனேசியாவின் சுலாவெசித் தீவிலிருந்து கிடைத்த எறும்புக்குப் பூச்சியியலாளர் ஃபிரெட்ரிக் ஸ்மித் ‘அல்பிபெஸ்’ என்று பெயர் வைத்தார். பிறகு உலகில் எங்கே வெள்ளைக்கால் எறும்பைக் கண்டாலும் அந்தப் பெயரையே எழுதினார்கள். 2007-இல் பாரி போல்ட்டன் என்ற எறும்பியலாளர் ‘டெக்னோமிர்மெக்ஸ்’ என்ற இந்தப் பேரினம் முழுவதையும் மறுபடி ஆராய்ந்தார். ஒரே பெயருக்குள் பல இனங்கள் ஒளிந்திருந்தது அப்போதுதான் தெளிவானது. ஃப்ளோரிடாவில் தொல்லை கொடுப்பது மடகாஸ்கரிலிருந்து முதலில் விவரிக்கப்பட்ட ‘டிஃபிசிலிஸ்’. ஐரோப்பாவின் கண்ணாடிப் பசுமைக்கூடங்களில் சுற்றுவது ‘விட்டியென்சிஸ்’. நியூசிலாந்து வீடுகளில் இருப்பது ஆஸ்திரேலியாவிலிருந்து போன ‘ஜோகோசஸ்’. இந்தியாவிலும் இலங்கையிலும் இந்தப் பேரினத்தின் உறுப்பினர்கள் உண்டு.

மருந்து வைத்தும் இது ஏன் ஒழியமாட்டேன் என்கிறது? அதற்குப் பதில் கூட்டுக்குள் சாப்பாடு பரிமாறும் முறையில் இருக்கிறது.

பெரும்பாலான எறும்புகள் வாயோடு வாய் வைத்து ஊட்டுபவை. வெளியே போன வேலைக்கார எறும்பு இனிப்பை உறிஞ்சி, தன் முன்வயிற்றில் செரிக்காமல் சேர்த்துக்கொண்டு வரும். கூட்டில் இருக்கும் எறும்புகளுக்கும் புழுக்களுக்கும் ராணிக்கும் அதைக் கக்கிக் கொடுக்கும். கடையில் வாங்கும் எறும்பு மருந்துகளில் பல இந்தப் பழக்கத்தை நம்பியே தயாரானவை. உடனே கொல்லாத நஞ்சை இனிப்பில் கலந்து வைத்தால், அதைத் தின்றவையே வீட்டுக்குக் கொண்டுபோய் ராணிவரை பரிமாறிவிடும்.

வெள்ளைக்கால் எறும்பிடம் அந்தப் பழக்கம் இல்லை. இரை தேடப் போன வேலைக்கார எறும்பு தின்றதைத் தானே செரித்துக்கொள்ளும். பிறகு பொரிக்காத ஒருவகை முட்டையை இடும். அந்த முட்டைதான் புழுக்களுக்கும், கூட்டை விட்டு வெளியே வராத மற்ற எறும்புகளுக்கும் சாப்பாடு. இரைதேடி எறும்பின் உடலில் நின்றுவிடும் நஞ்சு, முட்டை வழியாக அடுத்த வாய்க்குப் போவது அரிது. மருந்தைத் தின்றவை சாகும். கூட்டில் உட்கார்ந்திருப்பவை பிழைக்கும்.

சரி, ராணியைக் கொன்றால்? அங்கேயும் ஏமாற்றம்தான். ஜப்பானின் ஒக்கினாவாவில் இந்தக் குழுவைச் சேர்ந்த எறும்பை யமாவுச்சியும் அவருடன் பணியாற்றியவர்களும் ஆராய்ந்து 1991-இல் ஒரு வினோத ஏற்பாட்டை எழுதினார்கள். இறக்கையுள்ள ராணி பறந்துபோய்க் கூட்டைத் தொடங்குகிறது. அது முதிர்ந்து மறைந்தபின் அந்த இடத்துக்கு இறக்கையில்லாத பெண்கள் வருகின்றன. பார்வைக்கு ராணிக்கும் வேலைக்காரிக்கும் நடுப்பட்டவை. இறக்கையில்லாத ஆண்களோடு கூட்டுக்குள்ளேயே கூடி அவை முட்டையிடுகின்றன. முற்றிய கூட்டில் ஏறக்குறைய பாதிப்பேர் இப்படிப்பட்ட தாய்மார்கள். ஒரு கூட்டின் மக்கள்தொகை எட்டாயிரத்தில் தொடங்கிப் பல லட்சங்களைத் தாண்டும் என்று கணக்கிட்டிருக்கிறார்கள். கூட்டம் பெருகினால் ஒரு பகுதி குஞ்சுகுளுவானோடு நடந்துபோய்ப் பக்கத்தில் கிளைக்கூடு போட்டுக்கொள்ளும். தலைமை என்று ஒன்று இருந்தால்தானே அதைத் தகர்க்க?

இவ்வளவு பேருக்கும் சோறு போடுவது தோட்டம். மாவுப்பூச்சி, அசுவினி, செதில்பூச்சி ஆகியவை செடியின் சாற்றை உறிஞ்சி, இனிப்பான கழிவைச் சொட்டுகின்றன. வெள்ளைக்கால் எறும்புக்கு அதுவே தலையாய உணவு. வாங்கித் தின்பதோடு நிற்காமல், அந்தப் பூச்சிகளைத் தின்ன வரும் பொறிவண்டு போன்றவற்றை விரட்டி மந்தையைக் காக்கவும் செய்கிறது. விளைவாக மாவுப்பூச்சி பெருகுகிறது, சிந்திய இனிப்பில் கரும்பூஞ்சாணம் படர்கிறது, இலை கறுக்கிறது.

மொரீஷியஸ் தீவில் இந்தக் கூட்டணி செய்யும் கேடு இன்னும் பெரியது. அங்கே மட்டுமே வளரும் ‘ரூசியா’ என்ற அருகிய கொடி ஒன்று உண்டு. மகரந்தம் சேர்ப்பதற்கும் விதை பரப்புவதற்கும் அது நம்பியிருப்பது நீலவால் பகற்பல்லியை. தீவுக்கு வெளியிலிருந்து வந்த வெள்ளைக்கால் எறும்புகள் கொடியின் பூவிலும் காயிலும் மாவுப்பூச்சி வளர்க்கின்றன. மந்தைக்கு மண்ணால் கூரை போடுகின்றன. தேன் குடிக்க வரும் பல்லியைத் தாக்கி விரட்டுகின்றன. எறும்பு ஏறிய பூக்களைப் பல்லி ஒதுக்கிவிடுகிறது என்று டென்னிஸ் ஹான்சனும் கிறிஸ்டீன் மியுலரும் 2009-இல் எழுதினார்கள். வீட்டுக்குள் வந்தால் வெறும் எரிச்சல் தரும் பூச்சி, அங்கே ஓர் அரிய செடியின் வம்சத்துக்கே குறுக்கே நிற்கிறது.

வீட்டில் புகுந்தால் பலர் முதலில் எடுப்பது ஸ்ப்ரே. கண்ணில் பட்ட வரிசை சுருண்டு விழும், மனதுக்கு நிம்மதியாகவும் இருக்கும். கூட்டுக்கு அது உறைப்பதே இல்லை. ஃப்ளோரிடாவின் பூச்சியியலாளர்கள் சொல்லும் வழி மெதுவானது. வரிசையைப் பின்தொடர்ந்து கூடுகளைத் தேட வேண்டும். ஒன்று கிடைத்ததோடு நிறுத்தக் கூடாது. சுவரையும் கூரையையும் தொடும் கிளைகளை வெட்டிவிட வேண்டும், ஏனென்றால் அவைதான் பாலம். ஒழுகும் குழாயைச் சரிசெய்து, சுவரோரச் சருகை அள்ளி, விரிசலை அடைக்க வேண்டும். திரவ இரை வைப்பதானால் நல்ல இனிப்பாக, நாலில் ஒரு பங்காவது சர்க்கரை கலந்ததாக இருந்தால்தான் வந்து மொய்க்கும். வாரக்கணக்கில் ஊற்றிக்கொண்டே இருக்க வேண்டும். கூட்டில் இருப்பவற்றுக்கு நஞ்சு எட்டாவிட்டாலும், முட்டை இட்டு ஊட்டும் கைகள் குறையக் குறையக் கூட்டம் மெலியும்.

எல்லாவற்றுக்கும் முந்திய வேலை செடியைப் பார்ப்பது. மாவுப்பூச்சியை விட்டுவிட்டு எறும்போடு மட்டும் மல்லுக்கட்டுவது வீண்செலவு. நர்சரியில் புதுச்செடி வாங்கும்போது பூ எத்தனை என்று எண்ணுவதற்கு முன்னால் தொட்டியைத் தூக்கி அடியைப் பாருங்கள். இலையின் பின்பக்கத்தையும் ஒருமுறை திருப்பிப் பாருங்கள். எறும்பு வரிசை தெரிந்தால் அந்தச் செடியை அங்கேயே வைத்துவிட்டு வாருங்கள்.