ஒதுக்கிய சுருளில் சாப்ளினைக் கண்டவர்

'தி இமிக்ரண்ட்' என்றதும் ஆடி அசையும் கப்பலும் அதில் தடுமாறும் சாப்ளினும்தான் கண்முன் வரும். ஆனால் 1917-இல் அந்தப் படத்தை எடுக்கத் தொடங்கியபோது கப்பலே கிடையாது. ஒரு சிற்றுண்டிச்சாலை, பையில் காசில்லாத ஒருவன், ஒரு சர்வர். சர்வராக முதலில் நடித்தவர் ஹென்றி பெர்க்மன். சரிப்படவில்லை. மலைபோன்ற எரிக் கேம்ப்பெல்லைக் கொண்டுவந்து மறுபடி எடுத்தார் சாப்ளின். காசில்லாத அவனும் அங்கே அவன் சந்திக்கும் பெண்ணும் எங்கிருந்து வந்தவர்கள் என்ற யோசனை அதற்குப் பிறகுதான் எழுந்தது. கப்பலும் அப்போதுதான் வந்தது.

இதை நமக்குக் காட்டியவர்கள் திரைப்பட வரலாற்றாளர் கெவின் பிரவுன்லோவும் அவருடைய கூட்டாளி டேவிட் கில்லும். சாப்ளின் அந்நாளில் எழுதிய திரைக்கதையோடு வேலை செய்தவரல்ல. ஒத்திகையையே ஃபிலிமில் எடுத்துப் பார்த்தவர். அவர் படத்தில் சேர்க்காமல் ஒதுக்கிய சுருள்களைத் தேடிப் பெற்று, சிலேட்டில் எழுதியிருந்த எண்களை வைத்து வரிசைப்படுத்தினார்கள். ஒரு கலைஞன் தவறித் தவறி ஒரு காட்சியைக் கண்டடைவது அப்படியே தெரிந்தது. 1983-இல் மூன்று பாகங்களாக வந்த 'அன்னோன் சாப்ளின்' அதுதான். சினிமாவைப் பற்றிய ஆவணப்படங்களில் இதற்கு இணையான இன்னொன்றை நான் பார்த்ததில்லை.

பிரவுன்லோ 1938-இல் இங்கிலாந்தின் சஸெக்ஸில் பிறந்தவர். பள்ளிப் பருவத்தில், வீட்டு புரொஜெக்டரில் ஓட்டும் 9.5 மி.மீ. சுருள்கள் இரண்டு அவர் கைக்கு வந்தன. பிரெஞ்சு இயக்குநர் ஆபெல் கான்ஸ் 1927-இல் வெளியிட்ட 'நெப்போலியன்' படத்தின் துண்டுகள் அவை. மீதிப் படம் எங்கே என்று தேடத் தொடங்கிய பையன், அந்தத் தேடலை வாழ்நாள் முழுக்க விடவில்லை. இடையில் ஆண்ட்ரூ மோலோவுடன் சேர்ந்து இரண்டு கதைப்படங்களும் இயக்கினார்.

ஊமைப்படக் காலத்தவர்களை நேரில் கண்டு பேசி 1968-இல் ஒரு நூல் எழுதினார். அதன் தொடர்ச்சிபோல, 1980-இல் தேம்ஸ் தொலைக்காட்சிக்காக கில்லுடன் எடுத்த 'ஹாலிவுட்' 13 பாகங்கள். அதில் நடிகை வயோலா டானா பேசுகிறார். அவர் நேசித்த விமானி ஓர்மர் லாக்லியர் 1920-இல் இரவுப் படப்பிடிப்பில் விமானம் விழுந்து இறந்தவர். அறுபது ஆண்டு கழித்தும் அந்தப் பாட்டியின் முகத்தில் அந்த இரவு இருக்கிறது. சில ஆண்டுகள் தாமதித்திருந்தால் கேட்பதற்கு ஆட்கள் இருந்திருக்க மாட்டார்கள். நம்மூரில் நடராஜ முதலியார் எடுத்த ஊமைப்படமான 'கீசகவதம்' ஓர் அடிகூட மிஞ்சவில்லை; முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸ்' பிரதியும் இல்லை. அதனால்தானோ என்னவோ, 'ஹாலிவுட்' பார்க்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும்.

ஊமைப்படம் என்றால் ஆட்கள் வெடுக்வெடுக்கென்று ஓடுவார்கள் என்ற நினைப்பையும் அவர் உடைத்தார். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள். வேகம் படத்துக்குப் படம் மாறும். அதைப் பேசும்படத்துக்கான விநாடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில் ஓட்டியதால் வந்த கோளாறு அது. பிரவுன்லோ உரிய வேகத்தில், நல்ல பிரதியில், கார்ல் டேவிஸின் இசையோடு காட்டினார். நடிகர்கள் மனிதர்களாக நடந்தார்கள். 2010-இல் அவருக்குக் கௌரவ ஆஸ்கர் கிடைத்தது.

ஆனால் எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிவது 1979-ஆம் ஆண்டின் ஓர் இரவு. அமெரிக்க மலையூரான டெல்யூரைடில், பிரவுன்லோ துண்டு துண்டாகச் சேர்த்த 'நெப்போலியன்' திறந்தவெளியில் ஓடியது. கடைசிப் பகுதிக்கு மூன்று புரொஜெக்டர்கள், பக்கத்தில் பக்கத்தில் மூன்று திரைகள். கடும் குளிர். 89 வயது கான்ஸ், விடுதி அறை ஜன்னல் வழியே தன் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.