பரப்புகள் கலக்கும் இடம்

இரண்டு பரப்புகளுக்கு இடையே உள்ள வெளியை நிரப்பி, அவற்றை வழுவழுப்பாக இணைப்பது கலவைப் பரப்பு. கார் உடல், ஷாம்பு பாட்டில், கணினி மவுஸ் எல்லாவற்றிலும் அது உண்டு. வடிவமைப்பு மென்பொருளில் இதற்கு எளிய வழி லாஃப்ட். ஒரு தளத்தில் சதுரமும் மற்றொன்றில் வட்டமும் வரைந்து கொடுத்தால், நடுவிலுள்ள வடிவத்தை மென்பொருளே உருவாக்கிவிடும். சதுரத்தின் மூலைகள் வட்டத்தில் எங்கே சேர வேண்டும் என்பதைச் சரியாகக் குறிக்காவிட்டால் பரப்பு முறுக்கிக்கொள்ளும். வழிகாட்டிக் கோடுகள் அதன் போக்கைக் கட்டுப்படுத்தும்.

இணைப்பின் தரம்தான் இதில் உயிர்நாடி. விளிம்புகள் தொட்டால் மட்டும் போதுமென்றால் அது ஜி0. இணையும் இடத்தில் திசையும் ஒத்திருந்தால் ஜி1. வளைவின் அளவும் ஒத்திருந்தால் ஜி2. ஜி1 இணைப்பு கைக்கு வழுவழுப்பாகவே இருக்கும். ஆனால் பளபளக்கும் வண்ணம் பூசியதும், அதில் பிரதிபலிக்கும் ஒளிக்கோடு அங்கே சட்டென மடங்கும். கண் அதைத் தவறவிடாது. பரப்பின் மீது வரிக்குதிரைப் பட்டைகளை ஓடவிட்டுப் பார்க்கும் சோதனை இதற்காகவே வந்தது.

இத்தகைய வளைபரப்புகளின் கணிதத்துக்கு அடித்தளமிட்டவர்களில் முக்கியமானவர்கள் ரெனோ கார் நிறுவனத்தின் பியர் பெசியே, சித்ரோயென் கார் நிறுவனத்தின் பால் தெ காஸ்தல்ஜோ.

அளவுருசார் மென்பொருளில் கலவைப் பரப்பு தன் மூல வரைபடங்களைச் சார்ந்தே நிற்கிறது. வட்டத்தின் விட்டத்தை 40 மில்லிமீட்டரிலிருந்து 50 ஆக்கினால் பரப்பு தானே மாறிக்கொள்ளும். இதுவே அதன் பெரிய பலம். ஆனால் மூல விளிம்பையே அழித்துவிட்டால் கலவைப் பரப்பு ஆதாரமிழந்து பிழை காட்டும். புது விளிம்பைத் தேர்ந்து மீண்டும் இணைக்க வேண்டும்.