208 ஆண்டு சிறை... ஒரு பள்ளிக்கூடம் இடிந்ததற்கு! தெரியுமா?

வீடு இடிந்து வீட்டுக்காரர் செத்தால், கட்டியவருக்கு மரண தண்டனை! எந்த ஊர்ச் சட்டம் தெரியுமா? பாபிலோன்! ஹமுராபி மன்னர் 3,700 ஆண்டுகளுக்கு முன்பே எழுதி வைத்தது! வீட்டுக்காரரின் மகன் செத்தால்? கட்டியவரின் மகனுக்கு மரணம்! அடிமை செத்தால்? பதிலுக்கு ஓர் அடிமை! சுவர் மட்டும் சாய்ந்தால், கட்டியவரே கைக்காசு போட்டு நிமிர்த்தித் தர வேண்டும்! (அப்பன் கட்டிய சுவருக்கு மகன் என்ன செய்வான் என்று அந்த மன்னரிடம் யார் கேட்பது!) இந்தச் சட்டங்களைச் செதுக்கிய இரண்டு மீட்டருக்கும் மேல் உயரமான கருங்கல், இன்றும் பாரிஸின் லூவர் அருங்காட்சியகத்தில் நிற்கிறது!

சரி, 208 ஆண்டுக் கதைக்கு வருவோமா? 2017 செப்டம்பர் 19. மெக்சிகோ நகரம். காலை 11 மணிக்கு நிலநடுக்க ஒத்திகை நடக்கிறது. எல்லோரும் வெளியே வந்து, கலைந்து, மறுபடி உள்ளே போகிறார்கள். இரண்டே மணி நேரத்தில் நிஜ நிலநடுக்கம்! என்ரிகே ரெப்சாமென் பள்ளி சரிந்து 26 பேர் பலி. அதில் 19 பேர் குழந்தைகள்! விசாரித்தால், பள்ளியின் மாடியிலேயே உரிமையாளர் தனக்கு ஒரு வீடு கட்டி வைத்திருந்தார்! அவருக்கு 31 ஆண்டு சிறை. கட்டுமானத்துக்குப் பொறுப்பேற்றுக் கையெழுத்துப் போட்ட பொறியாளருக்கு? 208 ஆண்டு! 26 உயிருக்கு வகுத்துப் பாருங்கள்: தலைக்கு 8 ஆண்டு!

காங்கிரீட்டுக்குள் சிப்பி இருக்குமா? இருந்ததே! 1999 ஆகஸ்ட் 17, துருக்கி. அதிகாலை 3 மணி. சுமார் 45 விநாடி ஆட்டம். அரசுக் கணக்கிலேயே 17,000 பேருக்கு மேல் பலி! யாலோவா பகுதியில் வேலி கோச்செர் என்ற பில்டர் கட்டிய அடுக்குமாடிகள் நொறுங்கின. இடிபாட்டில் கிடந்ததோ கடல் மணலும் சிப்பியும்! கடல் மணலில் உப்பு. உப்பு பட்டால் கம்பி துருப்பிடிக்கும். இது நம்மூர்க் கொத்தனாருக்கே தெரியும்! 195 பேரின் சாவுக்காக அவருக்கு 18 ஆண்டு 9 மாதச் சிறை. உள்ளே இருந்தது எவ்வளவு தெரியுமா? ஏழரை ஆண்டுதான்!

இன்னொரு ஏழரையும் உண்டு! அந்த நிலநடுக்கத்துக்காகப் போடப்பட்ட வழக்குகள் சுமார் 2,100. அவற்றில் 1,800 வழக்குகள் பொதுமன்னிப்புச் சட்டத்தில் கரைந்தன! மிச்சத்தில் முடியாமல் இழுத்தவை என்னவாயின? 2007 பிப்ரவரியில் காலாவதி! வழக்கு நடத்தச் சட்டம் தந்த கெடு சரியாக ஏழரை ஆண்டு! நமக்கெல்லாம் ஏழரை பிடித்தால்தான் பயம். அங்கே பில்டர்களுக்கு ஏழரை முடிந்தால் கொண்டாட்டம்!

பிப்ரவரி 6 என்ற தேதியைக் கவனித்திருக்கிறீர்களா? 2016 பிப்ரவரி 6, தைவானின் தைனானில் நிலநடுக்கம். 2018 பிப்ரவரி 6, அதே தைவானின் ஹுவாலியனில்! 2023 பிப்ரவரி 6, துருக்கியில் 7.8! கடைசியில் சொன்னதில் துருக்கியில் மட்டும் 53,000 பேருக்கு மேல் போய்விட்டார்கள்.

அந்த 2023-ல் அந்தாக்யாவில் ஒரு 12 மாடிக் குடியிருப்பு அப்படியே பக்கவாட்டில் சாய்ந்தது. விளம்பரத்தில் அதற்கு என்ன பெயர் தெரியுமா? ‘சொர்க்கத்தின் ஒரு மூலை’! கட்டியவர் நான்கே நாளில் இஸ்தான்புல் விமான நிலையத்தில் பிடிபட்டார். அதே நிலநடுக்கத்தில் அதியமான் நகரில் இடிந்த இசியாஸ் ஹோட்டலில் 72 பேர் பலி. வடக்கு சைப்ரஸிலிருந்து வாலிபால் விளையாட வந்த பள்ளிப் பிள்ளைகளும் அதில் அடக்கம். ஹோட்டல் முதலாளிக்கு 2024 டிசம்பரில் 18 ஆண்டு 5 மாதம் தீர்ப்பானது. போதாது, இது தெரிந்தே செய்த கொலை என்று பெற்றோர் கொதித்தார்கள்!

அந்தாக்யா இருக்கும் அதே ஹதாய் மாகாணத்தில் எர்சின் என்றொரு சிறுநகரம். இடிந்த கட்டடம் எத்தனை? பூஜ்யம்! பலி? அதுவும் பூஜ்யம்! விதிமீறிக் கட்ட யாரையும் விடவில்லை என்றார் மேயர். மண் கெட்டி என்பதும் கை கொடுத்தது என்கிறார்கள் வல்லுநர்கள்.

செத்தவர் மீதே 30 சதவீதப் பழி போட்ட நீதிமன்றம் தெரியுமா? இத்தாலியின் லாக்விலா! 2009 நிலநடுக்கத்தில் ஒரே கட்டடத்தில் 24 பேர் இறந்தார்கள். முன்னதாக இரண்டு அதிர்வு வந்தும் வெளியே ஓடாமல் படுத்திருந்தது அவர்கள் தப்பு என்று 2022-ல் ஒரு சிவில் தீர்ப்பு! இழப்பீட்டில் 30 சதவீதம் வெட்டு! எனக்கு இன்னும் ஆறவில்லை.

இத்தாலியிலேயே சான் ஜூலியானோ என்ற ஊரில், 2002-ல் பள்ளி இடிந்து 27 குழந்தைகளும் ஓர் ஆசிரியையும் பலி. தண்டனை பெற்றவர்களில் ஊர் மேயரும் ஒருவர். இறந்த குழந்தைகளில் அவர் மகளும் ஒருத்தி!

நம்மூருக்கு வருவோமா? 2014-ல் சென்னை மௌலிவாக்கத்தில் 11 மாடிக் கட்டடம் சரிந்து 61 பேர் இறந்தார்களே, அப்போது கட்டியவர்கள் தரப்பு யார் மேல் பழி போட்டது தெரியுமா? இடி மின்னல் மேல்! பக்கத்தில் நின்ற இரட்டைக் கட்டடத்தை 2016 நவம்பரில் அரசே வெடி வைத்துத் தகர்த்தது. அலட்சியத்தால் உயிர் போனால் பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் அதிகபட்சமே 2 ஆண்டுதான்! 2024 ஜூலையில் வந்த புதிய சட்டத்தில் 5 ஆண்டு.

ஐந்து என்றதும் தைனான்! அங்கே 115 பேரைப் பலிகொண்ட 17 மாடிக் கட்டடத்தின் சுவருக்குள் காலி எண்ணெய் டின்கள் கிடந்தன! படம் உலகம் முழுக்கச் சுற்றியது. ஆனால் பில்டரை மாட்டவைத்தது டின் அல்ல, வடிவமைப்புக் கணக்கில் செய்த கோளாறு! அவரோடு சேர்த்து ஐந்து பேருக்கு, ஆளுக்கு 5 ஆண்டு. அன்றைய சட்டத்தில் அதுதான் உச்சம்!

ஜப்பானில் ஹிடெட்சுகு அனேஹா என்ற கட்டடக் கலைஞர் நிலநடுக்கத் தாங்குதிறன் கணக்கைப் பொய்யாக மாற்றி எழுதி, 2005-ல் மாட்டினார். அவர் கணக்குப் போட்ட கட்டடம் ஒன்றுகூட நிலநடுக்கத்தில் இடிந்து விழவில்லை, அப்படி ஓர் உயிர்கூடப் போகவில்லை! கிடைத்த தண்டனை? அதே 5 ஆண்டு!