பேரிளம்பெண்ணுக்கு அப்பால்

உலா இலக்கியம் படிப்பித்த ஆசிரியர் எவருக்கும் அந்த ஏழு பெயர்களும் மனப்பாடமாயிருக்கும்: பேதை, பெதும்பை, மங்கை, மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண். ஐந்து வயதிலே தொடங்கும் அக்கணக்கு நாற்பதோடு நின்றுவிடுகிறது. இருபத்தைந்து ஆண்டுகளுக்கு மேலாக அப்பட்டியலைக் கரும்பலகையில் எழுதி வந்தேன். நாற்பதுக்கு அப்பால் பெண்ணுக்கு என்ன பெயர் என்று எந்த மாணவியும் என்னைக் கேட்டதில்லை; நானும் என்னைக் கேட்டுக்கொண்டதில்லை. 2017ஆம் ஆண்டு, எனது ஐம்பத்திரண்டாம் வயதில், அக்கேள்வி என் உள்ளாடையிற் கண்ட ஒரு கறையின் வடிவில் வந்தது.

பச்சையும் கருமையும் கலந்த கறை அது. என் கடைசிப் பிள்ளை பால் மறந்து இருபது ஆண்டுகள் கழிந்திருந்தன. கண்ணாடியின் முன் நின்று பார்த்தேன். இடப்பக்கத்து முலைக்காம்பு சற்றே உள்வாங்கியிருந்தது. அதன் பின்னே விரலுக்குத் தடிப்பாக ஏதோ தட்டுப்பட்டது. அந்தக் கணத்திலேயே என் சின்னம்மாவின் முகம் நினைவில் எழுந்தது.

சின்னம்மா 1981இல் இறந்தார். அப்போது எனக்குப் பதினாறு வயது. மார்பிலே தோன்றிய கட்டியை அவர் ஓராண்டுக்கு மேல் ஒருவருக்கும் சொல்லாமல் சேலைத் தலைப்புக்குள் மறைத்து வைத்திருந்தார். நோவில்லாத கட்டி ஒன்றும் செய்யாது என்று எண்ணி எண்ணெய் பூசி வந்தாராம். கட்டி உடைந்து மணம் வீசத் தொடங்கிய பின்னரே வீட்டார் அறிந்தனர். மரணச் சடங்கிலும், அவருக்கு வந்த நோயின் பெயரையோ அது வந்த இடத்தையோ எவரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. ‘அந்த வருத்தம்’ என்றார்கள், அவ்வளவே.

நான் படித்தவள், பட்டம் பெற்றவள், எனினும் சின்னம்மா செய்ததையே நானும் செய்தேன். நான்கு மாதங்கள் கணவருக்குக்கூடச் சொல்லவில்லை. கறை படிந்த துணிகளை விடியுமுன் துவைத்துக் காயவிட்டேன். அந்த மாதங்களிலும் உயர்தர வகுப்பில் சிலப்பதிகாரம் நடத்தினேன். கண்ணகி தன் இடமுலையைத் திருகி எறிந்து மதுரையை எரித்த பகுதியைச் சொல்லும்போது என் நாத் தடுமாறவில்லை. காவியத்திலே எத்தனை முறையும் சொல்லக்கூடிய அச்சொல், என் உடம்பைப் பற்றிச் சொல்ல நேர்ந்தபோது மாத்திரம் தொண்டைக்குள் நின்றுவிட்டது.

எங்கள் பகுதிக் குடும்பநல உத்தியோகத்தர் ஒருநாள் வேறு அலுவலாக வீட்டுக்கு வந்தார். 1996ஆம் ஆண்டு முதல் இந்நாட்டில் நடைபெற்று வரும் சுகவனிதையர் கிளினிக்குக்கு நான் ஒருமுறையேனும் போயிருக்கிறேனா என்று கேட்டார். முப்பத்தைந்து வயதைத் தாண்டிய பெண்களுக்காக அமைந்தது அது. இல்லை என்றேன். வற்புறுத்தி நாளும் குறித்துத் தந்தார். அங்கே இருந்த வைத்தியர் என்னிடம் தமிழ் படித்த பிள்ளை.

“என்ன ரீச்சர் செய்யுது?”

“இந்தப் பக்கம் கொஞ்சம் சரியில்லைப் பிள்ளை.”

“முலைக்காம்பிலயோ, மார்பிலயோ ரீச்சர்? எத்தனை மாசமா?”

தலையிடியைப் பற்றிக் கேட்பது போல இயல்பாகவே அவர் கேட்டார். தமிழாசிரியையாகிய நான் ஒரு சொல்லுக்கு நாணித் தலை குனிந்திருக்க, என் மாணவி அதைச் சாதாரணமாகச் சொல்லிவிட்டார். அதன் பின்னரே என்னாலும் பேச முடிந்தது.

அவர் என்னைச் சத்திர சிகிச்சைப் பிரிவுக்கு அனுப்பினார். அங்கே மூன்று வகையிற் சோதித்தனர். முதலாவது கையாற் பார்ப்பது. இரண்டாவது மமோகிராம், ஸ்கான் ஆகிய படங்கள். மூன்றாவது, தடிப்பிலிருந்து ஊசியால் இழையத் துணுக்கை எடுத்து நுணுக்குக்காட்டியிற் பார்ப்பது. இம்மூன்றும் ஒன்றையே சொல்லும்போது முடிவு உறுதியாகிறது. என் விடயத்தில் மூன்றும் சொன்ன பெயர் ‘பாற்கான் விரிவு’. அது புற்றுநோயன்று; புற்றுநோயாக மாறுவதுமன்று.

வைத்தியர் ஒரு தாளிற் படம் வரைந்து விளக்கினார். மார்பகத்தில் பதினைந்து முதல் இருபது வரையிலான சுரப்பிப் பிரிவுகள் உள்ளன. அவற்றின் கான்கள் காம்பை நோக்கி வந்து கூடுகின்றன. எங்கள் தோட்டத்து வாய்க்கால்களை நினைத்துக்கொண்டேன். இறைப்பு நின்ற காலத்தில் வாய்க்காலின் கரை சிதைந்து அகன்று, அடியிலே சேறு தேங்கி நிற்பதில்லையா? மாதவிடாய் நிற்கும் காலத்தை அண்டி, காம்பின் பின்னுள்ள கான்களும் அவ்வாறே அகலுகின்றன. உள்ளே தேங்கிய நீர் தடித்துப் பச்சையாகவோ கருமையாகவோ, சிலருக்குக் களிம்பு போலவோ கசிகிறது. கானைச் சுற்றி அழற்சி ஏற்பட்டு, ஆறிய தழும்பு சுருங்கும்போது காம்பை உள்ளே இழுக்கிறது. பலருக்குச் சிகிச்சையே வேண்டியதில்லை. கிருமி தொற்றினால் அதற்குரிய மருந்து கொடுப்பர். சீழ் கட்டினால் அகற்றுவர். கசிவு ஓயாது தொல்லை தந்தால் அக்கான்களைச் சத்திர சிகிச்சையால் நீக்குவர். புகைபிடிக்கும் பெண்களுக்குக் கானைச் சுற்றிய அழற்சி இளவயதிலேயே வருவதுண்டு.

பின்னர் இதைப் பற்றித் தேடிப் படித்தேன். இந்நிலைக்கு இன்று வழங்கும் ஆங்கிலப் பெயரை 1951இல் எழுதிய கட்டுரையொன்றிற் பயன்படுத்தியவர் நியூயோர்க்கின் சத்திர சிகிச்சை நிபுணர் ஹாகன்சென். இது புற்றுநோயைப் போல வேடமிடக்கூடியது என்பதை அக்கட்டுரையின் தலைப்பிலேயே அவர் குறித்துவைத்தார். வைத்தியரையே மயக்கக்கூடிய ஒன்று என்னை மயக்கியதில் வியப்பில்லை என்று ஆறுதலடைந்தேன்.

1987இல் வேல்சின் கார்டிஃப் நகரைச் சேர்ந்த ஹியூஸ், மான்செல், வெப்ஸ்டர் என்னும் மூவர் மற்றொரு கருத்தை முன்வைத்தனர். மார்பகத்தில் தோன்றும் தீங்கற்ற மாற்றங்களிற் பெரும்பாலானவற்றை நோய் என்றே கொள்ளலாகாது. உறுப்பு வளர்ந்து, மாதந்தோறும் மாறி, பின் ஒடுங்கும் இயல்பான பயணத்தில் நேரும் சிறு விலகல்களே அவை என்றனர். அதைப் படித்தபோது இது வேறொரு உலா என்று தோன்றியது. மடந்தை, அரிவைப் பருவத்தாரிடம் விரலுக்கு அகப்படாமல் வழுக்கி ஓடும் நாரிழையச் சுரப்பிக்கட்டி தோன்றுவதுண்டு. தெரிவைக்கும் பேரிளம்பெண்ணுக்கும் மாதவிடாய்க்கு முன்னே மார்பு கனத்து நோவதும், அங்கங்கே முடிச்சுப் போலத் தட்டுப்படுவதும் பெருவழக்கு; ஓமோன்களின் ஏற்றவிறக்கம் அதனோடு தொடர்புடையது. நாற்பதை அண்டியும் தாண்டியும் நீர்க்கட்டிகள் வரலாம்; ஊசியால் நீரை எடுத்தால் பெரும்பாலும் வற்றிவிடும். அதற்கும் அப்பால் பாற்கான் விரிவு. புலவர்கள் நாற்பதோடு நிறுத்திய கணக்கை உடம்பு நிறுத்துவதில்லை.

இவ்வாறு எழுதுவதால், மார்பிலே தோன்றுவதெல்லாம் தீங்கற்றது என்று எவரும் எண்ணிவிடலாகாது. சின்னம்மாவை அந்த எண்ணமே கொண்டு சென்றது. புதிதாகத் தோன்றிய கட்டி, புதிதாக உள்வாங்கிய காம்பு, தோலிற் குழி, தோடம்பழத் தோல் போன்ற தடிப்பு, ஆறாத சிவப்பு, அக்குளிற் கட்டி ஆகிய ஒவ்வொன்றும் உடனே வைத்தியரிடம் காட்டப்பட வேண்டியது. அழுத்தாமலே ஒரே கானின் வாயிலிருந்து இரத்தமாகவோ தெளிந்த நீராகவோ வரும் கசிவும் அத்தகையதே. அதற்கும் பெரும்பாலும் கானினுள்ளே முளைத்த தீங்கற்ற சிறு பருவே காரணமாயிருக்கும்; ஆயினும் சோதியாமல் அறிய இயலாது. தீங்கற்றவற்றுள்ளும் சிலவற்றில் கலங்கள் ஒழுங்கு தவறிப் பெருகியிருப்பதுண்டு. அத்தகையோர் தொடர்ந்து கண்காணிப்பில் இருத்தல் வேண்டும்.

சின்னம்மா தீயதை ஒன்றுமில்லை என்று எண்ணினார். நான் ஒன்றுமில்லாததை மரணம் என்று எண்ணினேன். எண்ணங்கள் எதிரெதிரானவை, எங்களிருவரையும் கெடுத்த மௌனம் ஒன்றே. என் மௌனத்துக்கு நான்கு மாத உறக்கம் விலையாயிற்று, அவருடையதற்கு உயிர்.

தமிழிற் சொல்லில்லை என்ற சாக்கும் எங்களுக்குப் பொருந்தாது. 1847இல் யாழ்ப்பாணம் வந்த அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் கிறீன், மானிப்பாயிலே மேலைநாட்டு மருத்துவத்தை எம்மவருக்குத் தமிழிலேயே கற்பித்தார். ‘பிரசவ வைத்தியம்’, ‘இரண வைத்தியம்’ முதலிய நூல்கள் அவர் காலத்தில் தமிழில் வெளிவந்தன. நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்னரே உடம்பின் ஒவ்வோர் உறுப்பையும் பெயர் சொல்லி அழைத்த மொழி இது. கூச்சம் எம்முடையதேயன்றி மொழியினுடையதன்று.

அடுத்த ஆண்டு உலா இலக்கியம் நடத்த நேர்ந்தபோது ஏழு பெயர்களையும் வழமைபோல எழுதினேன். பின்னர் வெண்கட்டியைக் கீழே வைத்துவிட்டு, வைத்தியர் எனக்குச் சொன்னவற்றை மாணவிகளுக்குச் சொன்னேன். சிலர் சிரித்தனர், சிலர் மேசையைப் பார்த்தபடி இருந்தனர். மணியடித்த பின் ஒரு பிள்ளை மாத்திரம் போகாமல் நின்றாள்.

“ரீச்சர், எங்கட அம்மாவுக்கு மார்பில ஒரு கட்டி இருக்கு. ஒருத்தருக்கும் சொல்லவேண்டாம் எண்டவ.”

அன்று மாலையே அவர்கள் வீட்டுக்குப் போனேன். அந்தத் தாயின் கட்டி எத்தகையது என்பதை எழுத எனக்கு உரிமையில்லை. மறுநாட்காலை அவர் வைத்தியசாலைக்குப் போனார் என்பதை மாத்திரம் எழுதுகிறேன்.