பெயரில் டெல்லி, பிறந்தது வல்லநாடு... 400 படங்களைத் தாண்டிய டெல்லி கணேஷ்!

கல்யாண வீட்டு சாம்பாருக்குள் மீன் விழுந்தால் என்ன ஆகும்? 'மைக்கேல் மதன காம ராஜன்' பார்த்தவர்களுக்கு இந்தக் கேள்வியே போதும், சிரிப்பு வந்துவிடும். அதில் சமையல்காரர் காமேஸ்வரனாக கமல்ஹாசன், அவரை எடுத்து வளர்த்த பாலக்காடு மணி ஐயராக டெல்லி கணேஷ். பேச்சைக் கேட்டால் அவருக்குப் பாலக்காடு என்று தோன்றும். பெயரைப் பார்த்தால் டெல்லி என்று தோன்றும். இரண்டுமே இல்லை!

தாமிரபரணி கொற்கைப் பக்கம் கடலைத் தேடிப் போகும் தூத்துக்குடி மாவட்டத்தில், திருநெல்வேலி சாலையில் இருக்கிறது வல்லநாடு. 1944 ஆகஸ்ட் 1-ம் தேதி கணேஷ் பிறந்தது அங்கேதான்.

சீருடையும் அரிதாரமும்

1964-ல் இந்திய விமானப் படையில் சேர்ந்தார். பத்து ஆண்டுகள் பணி. டெல்லியில் இருந்தபோது 'தட்சிண பாரத நாடக சபா'வின் தமிழ் நாடகங்களில் நடித்தார். 1974-ல் விமானப் படையை விட்டு வந்தபோது வயது 30. நிரந்தர வேலையை விட்டுவிட்டு, எந்த உத்தரவாதமும் இல்லாத நடிப்பை நம்புவதற்குத் தனித் துணிச்சல் வேண்டும்.

சென்னையில் காத்தாடி ராமமூர்த்தி குழுவின் நாடகங்கள் கைகொடுத்தன. விசு எழுதிய 'பட்டினப் பிரவேசம்' நாடகத்தை 1977-ல் படமாக்கிய இயக்குநர் கே.பாலசந்தர், இவரைத் திரையில் அறிமுகப்படுத்தினார். சிவாஜி கணேசன், ஜெமினி கணேசன் என ஏற்கெனவே பெரிய கணேசன்கள் இருந்த சினிமாவில், 'டெல்லி கணேஷ்' என்று பெயர் சூட்டியதும் அவர்தான்.

ஒரே ஆள், பல தமிழ்

இரண்டே ஆண்டுகளில் வந்தது துரை இயக்கிய 'பசி' (1979). சென்னைக் குடிசைப் பகுதியில் ரிக்‌ஷா இழுக்கும் அப்பாவாக நடித்தார். மகளாக நடித்த ஷோபாவுக்குத் தேசிய விருது கிடைத்தது. டெல்லி கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது.

'சிந்து பைரவி'யில் (1985) மிருதங்க வித்வான் குருமூர்த்தி. குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்ததற்காக, சிவகுமார் நடித்த ஜே.கே.பி. இவரை விலக்கிவைப்பார். பிற்பாடு அதே ஜே.கே.பி. குடிக்கு அடிமையாவார். குருமூர்த்தியின் அவமானம் நம் மனதில் தைத்திருந்தால்தான், நாயகனின் வீழ்ச்சியும் வலிக்கும். குணச்சித்திர நடிகரின் வேலையே இதுதான். அவர் சரியாகச் செய்தால் கைதட்டல் நாயகனுக்குப் போகும். சொதப்பினால் காட்சியே படுத்துவிடும்.

'நாயகன்' (1987) படத்தில் வேலு நாயக்கருக்கு இந்தியை மொழிபெயர்த்துச் சொல்லும் ஐயர். 'அபூர்வ சகோதரர்கள்' (1989) படத்தில் அப்பு பழிவாங்கும் நால்வரில் ஒருவரான பிரான்சிஸ் அன்பரசு. அடுத்த ஆண்டே அதே கமலுக்கு வளர்ப்பு அப்பா! அந்த வில்லனை மறக்கடித்து, மணி ஐயராக நம்மைச் சிரிக்கவைத்தார். 'அவ்வை சண்முகி'யில் சேதுராம ஐயர், 'தெனாலி'யில் பஞ்சபூதம் என இந்தக் கூட்டணி தொடர்ந்தது.

வீட்டுக்குள் வந்தவர்

'எங்கம்மா மகாராணி' (1981) படத்தில் கதாநாயகனாகவும் நடித்திருக்கிறார். ஆனால், மக்கள் மனதில் பதிந்தது அப்பா, மாமா, பக்கத்து வீட்டுக்காரர் முகம்தான். 'கஸ்தூரி', 'செல்லமே' போன்ற சன் டி.வி. தொடர்கள் அந்த முகத்தைத் தினமும் வீட்டுக் கூடத்துக்கே கொண்டுவந்தன. தியேட்டருக்குப் போகாத பாட்டிகளுக்கும் அவர் பழக்கமானார். பிறகு குறும்படங்களில் இளம் இயக்குநர்களோடும் நடித்தார். 2016-ல் மகன் மஹாவை நாயகனாக்கி 'என்னுள் ஆயிரம்' படத்தைத் தயாரித்தார். 2018-ல் 'இரும்புத்திரை'யில் விஷாலின் அப்பாவாக வந்து இன்றைய தலைமுறையையும் தொட்டார்.

2024 நவம்பர் 9 இரவு, 80 வயதில் சென்னையில் காலமானார். அஞ்சலி செலுத்தத் திரையுலகினர் திரண்டனர். விமானப் படை வீரர்களும் வந்து, அவர் உடல்மீது தங்கள் கொடியைப் போர்த்தி மரியாதை செய்தனர். அவர் அந்தச் சீருடையைக் கழற்றி அப்போது 50 ஆண்டுகள் ஆகியிருந்தன.

இந்த வார இறுதியில் நேரம் கிடைத்தால் 'பசி'யையும் 'மைக்கேல் மதன காம ராஜ'னையும் அடுத்தடுத்துப் பாருங்கள். அந்த ரிக்‌ஷாக்காரரும் இந்த மணி ஐயரும் ஒரே ஆள்தான் என்று வீட்டுப் பிள்ளைகளிடம் சொல்லிப் பாருங்கள். சட்டென்று நம்ப மாட்டார்கள்!