அம்பிகாபதி – அமராவதி கதை: பழைய திரைப்படமும் புதிய குறும்படமும்

அம்பிகாபதி – அமராவதி கதை, தமிழகத்தில் செவிவழியாக வழங்கிவரும் துன்பியல் காதல் கதை ஆகும். அம்பிகாபதி கம்பரின் மகன் என்றும், அமராவதி குலோத்துங்க சோழனின் மகள் என்றும் கூறுவர். இது வரலாறாக நிறுவப்பட்டதன்று.

கதைச் சுருக்கம்

காதலை அறிந்த மன்னன் ஒரு சோதனை வைக்கிறான். காதல் சுவை கலவாமல் 100 பாடல்கள் பாடினால் மணம், தவறினால் மரணம். மறைவில் இருந்து எண்ணும் அமராவதி, காப்புச் செய்யுளையும் கணக்கில் சேர்த்துவிடுகிறாள். 99 பாடல்கள் முடிந்ததுமே நூறு நிறைந்தது என்று எண்ணி எட்டிப் பார்க்கிறாள். அவளைக் கண்ட அம்பிகாபதி அவள் அழகைப் பாடிவிடுகிறான். அவனுக்கு மரண தண்டனை நிறைவேற்றப்படுகிறது.

சேலம் தந்த திரைவடிவம்

சேலம் சங்கர் பிலிம்ஸ் 1937இல் இக்கதையைப் படமாக்கியது. எம். கே. தியாகராஜ பாகவதரும் எம். ஆர். சந்தானலட்சுமியும் நடித்தனர். இயக்கிய எல்லிஸ் ஆர். டங்கன் தமிழ் அறியாத அமெரிக்கர். அவர் ஷேக்ஸ்பியரின் ரோமியோ – ஜூலியட் காதல் காட்சிகளைத் தழுவி எழுதுமாறு வசனகர்த்தா இளங்கோவனிடம் கேட்டுக்கொண்டார். இவ்வாறு ஒரு மரபுக்கதை மற்றொரு நாட்டின் கதையோடு கலந்து புதுவடிவம் பெற்றது. 1957இல் சிவாஜி கணேசன், பானுமதி நடிப்பில் மீண்டும் வெளிவந்தது.

குறும்படமாக்கும்போது

பத்து, பதினைந்து நிமிடக் குறும்படத்திற்கு அரண்மனையும் போர்க்களமும் தேவையில்லை. பாடுபவன், எண்ணுபவள், தீர்ப்புச் சொல்பவர் ஆகிய மூவரே போதும். எண்ணிக்கை ஏற ஏறப் பார்ப்பவரின் பதற்றமும் ஏறும். ஆனால் உடையையும் இடத்தையும் மட்டும் மாற்றினால் அது மறு ஆக்கம் ஆகாது. கதை எழுப்பும் கேள்வியும் மாற வேண்டும். பழைய கதையில் பழி அமராவதியின் தவறான கணக்கின் மீது விழுகிறது. அப்படியொரு சோதனை வைக்கும் உரிமை மன்னனுக்கு எங்கிருந்து வந்தது என்பதே இன்று கேட்க வேண்டிய கேள்வி.

சேலம், நாமக்கல் பகுதியில் இக்கேள்வி ஏட்டளவில் நிற்பதன்று. 2015 ஜூனில், வேறு சாதிப் பெண்ணுடன் பழகியதற்காக, ஓமலூரைச் சேர்ந்த தலித் பொறியியல் பட்டதாரி ஒருவர் திருச்செங்கோடு அர்த்தநாரீசுவரர் கோயிலிலிருந்து கடத்தப்பட்டார். பள்ளிபாளையம் அருகே இருப்புப்பாதையில் அவருடைய உடல் கிடந்தது. 2022 மார்ச்சில் மதுரைச் சிறப்பு நீதிமன்றம் 10 பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது.

அம்பிகாபதிக்கு நூறு பாடல்கள் பாடும் வாய்ப்பாவது கிடைத்தது. இந்த இளைஞருக்கு அதுவும் கிடைக்கவில்லை. இக்கதையைக் குறும்படமாக்க விரும்பும் மாணவர்கள் இவ்வேறுபாட்டிலிருந்து தொடங்கலாம்.